மெத்தைக் கடைப் பூனையும் நான் கேட்காத கேள்வியும்

1. ஏழு கோடு

எங்கள் கிளினிக்குக்கு முதல் பூனை வந்த அன்று என் கையில் ஏழு கோடு விழுந்தது. ஏழுக்கும் காரணம் நான்தான்.

கிளினிக் என்றதும் பெரிதாக நினைத்துவிட வேண்டாம். செஞ்சியில் திண்டிவனம் ரோட்டில், ஒரு மருந்துக் கடைக்குப் பின்னால் இரண்டு ரூம். வெளியே மாட்டை நிறுத்தி ஊசி போட இரும்புக் குழாயில் அடித்த சட்டம். அதை டிராவிஸ் என்போம். டாக்டர் கவர்மெண்ட் வேலையில் ரிட்டையர் ஆனபிறகு சொந்தமாகப் போட்ட இடம் அது. நான் மல்லிகா, தொண்டூர்க்காரி, அங்கே பதினெட்டு வருஷம் உதவியாளர். மாட்டைப் பிடிப்பேன், சிரிஞ்ச் எடுத்துக் கொடுப்பேன், ரெஜிஸ்டர் எழுதுவேன். டாக்டர் கேஸ் பார்க்க வெளியூர் போயிருந்தால் வருகிறவர்களுக்குப் பதில் சொல்வதும் நான்தான். நாளாக ஆக டாக்டர் உள்ளே இருக்கும்போதே ஜனங்கள் என்னிடம் கேட்டுவிட்டுப் போக ஆரம்பித்தார்கள். எனக்கு அதில் தலைக்கனம் உண்டு, மறைப்பானேன்.

இன்னொன்றும் சொல்லிவிடுகிறேன். எனக்கு ஒரு இடத்தில் உட்கார வராது. கேஸ் இல்லாவிட்டாலும் டேபிளைத் துடைப்பேன், துடைத்த டேபிளை மறுபடி துடைப்பேன். டாக்டர் பார்த்துவிட்டு, "மல்லிகா, அது தேஞ்சிடப் போவுது" என்பார். மாட்டுக்கு இந்த அவசரம் தெரியாது. பூனைக்கு உடனே தெரியும்.

அந்த முதல் பூனை டேபிள் மேல் வாலைப் பட்டுப் பட்டென்று அடித்துக்கொண்டிருந்தது. "வால ஆட்டுது, சிநேகமாத்தான் இருக்குது" என்று சொல்லிக்கொண்டே கழுத்தைப் பிடித்தேன். நாய் வாலை ஆட்டினால் சிநேகம். மாடு ஆட்டினால் ஈ ஓட்டுகிறது. பூனை அப்படி அடித்தால், தள்ளிப் போ என்று அர்த்தம். அதன் பாஷையில் அது ஒழுங்காகத்தான் சொல்லியிருக்கிறது. எனக்குத்தான் காது இல்லை.

டாக்டர் டிங்ச்சர் பாட்டிலை என் பக்கம் தள்ளினார். "இது கன்னுக்குட்டி இல்ல மல்லிகா" என்றார். அதோடு சரி, வேறு பாடம் நடத்தவில்லை.

2. மெத்தைக் கடை

கொரோனாவுக்குப் பிறகு ஊரில் பூனை வளர்ப்பவர்கள் அதிகமாகிவிட்டார்கள். வாரத்துக்கு நாலைந்து பூனையாவது வரும். எனக்குத் தெரிந்த பூனைப் பாடத்தில் பாதி நான் பஷீர் பாய் கடையில் படித்தது.

பாய் இலவம்பஞ்சு மெத்தை, தலையணை தைக்கிறவர். கடை எங்கள் கிளினிக்கிலிருந்து நாலு கடை தள்ளி. மனைவி தவறிப்போய் வெகு நாளாகிறது. ஒரே மகள் ஷமீமா, கல்யாணமாகி ஆம்பூருக்குப் போனாள். மாமியாருக்குப் பூனை முடி ஒத்துக்கொள்ளாது என்று தன் பூனையை அப்பாவிடம் விட்டுவிட்டுப் போனாள். வெள்ளைக் கடுவன், ஆண் பூனை. பேர் பஞ்சு.

தினமும் சாயங்காலம் ஆம்பூரிலிருந்து வீடியோ கால் வரும். எடுத்தவுடன் அந்தப் பெண் கேட்பது, "அத்தா, பஞ்சு எங்க?" என்றுதான்.

"என்னைப் பாக்க போடுறாளா, இவனப் பாக்க போடுறாளான்னு தெரியல மல்லிகாம்மா" என்று பாய் சிரிப்பார். "எப்படியோ, தெனம் போடுறா இல்ல. அது போதும்."

டீ குடிக்கப் போகிற சாக்கில் நான் அங்கே நின்று பஞ்சுவைப் பார்ப்பேன். தைத்து முடித்த தலையணை மேல் ஏறி முன்னங்காலை மாற்றி மாற்றி மிதிப்பான், சப்பாத்தி மாவு பிசைகிற மாதிரி. "என் வேலைய செக் பண்றான்" என்பார் பாய். டாக்டரிடம் கேட்டேன். குட்டியாக இருக்கும்போது பால் இறங்க தாயின் வயிற்றை மிதித்த பழக்கம், பெரிதான பிறகும் மனசு நிம்மதியாக இருக்கும்போது வரும் என்றார். கன்று மடியை முட்டுவது போலத்தான் என்று எனக்கு உடனே பிடிபட்டது.

காலில் வந்து கன்னத்தை உரசுவான். பாசம்தான், ஆனால் பாதிதான் பாசம். கன்னத்திலிருக்கிற தன் வாசனையை நம்மேல் தடவி, இவள் என்னுடையவள் என்று சீல் வைப்பது மீதிப் பாதி. தூரத்தில் உட்கார்ந்து கண்ணை மெதுவாக மூடித் திறப்பான். நாமும் அதேபோல் மெதுவாக மூடித் திறந்தால் பகை இல்லை என்று எடுத்துக்கொள்வான். ஆரம்பத்தில் எனக்கு அது வரவில்லை. என் கண் படபடவென்றுதான் அடிக்கும். மல்லாந்து படுத்து வயிற்றைக் காட்டினால் நம்மை நம்புகிறான் என்று அர்த்தம், தடவிக்கொடு என்று அர்த்தமில்லை. அது தெரியாமல் கையை நீட்டிய ஒரு மெத்தை கஸ்டமருக்கு நான்தான் டி.டி. ஊசிக்கு வழி சொன்னேன்.

இப்படி ஒவ்வொன்றையும் மாட்டோடு ஒத்துப் பார்த்தே கற்றேன். அது எனக்குச் சுலபமாக இருந்தது. மாட்டு வைத்தியத்தில் எங்களுக்குப் பெரிய ஆறுதல் அசை போடுவதுதான். நோயான மாடு மறுபடி அசை போட ஆரம்பித்துவிட்டால் சொந்தக்காரர் முகமே மாறிவிடும். பூனை தொண்டைக்குள் கொர்கொர் என்று சத்தம் போடுகிறதே, அதை நான் அந்த இடத்தில் வைத்துக்கொண்டேன். கொர்கொர் கேட்டால் பூனைக்கு ஒன்றுமில்லை. யாரும் எனக்கு அப்படிச் சொல்லித் தரவில்லை, நானாக முடிவு செய்தது.

3. வெயில் நாள்

கத்திரி வெயில். வல்லம் பக்கம் ஒரு எருமைக்குக் கன்று குறுக்கே சிக்கிவிட்டது என்று டாக்டர் விடிந்ததும் கிளம்பிப் போய்விட்டார். பத்து மணிக்கு பாய் கூடையோடு வந்தார்.

"மல்லிகாம்மா, டாக்டர் இல்லியா?"

"வல்லம் போயிருக்காரு பாய். இன்னா ஆச்சு?"

"நேத்துலேர்ந்து மண்ணு டப்பால போய்ப் போய் குந்துறான். முக்குறான், ஒண்ணும் வரல. எழுந்து வரான், மறுபடி போறான். ஒரு எடத்துல நிக்க மாட்டேங்குறான்."

மாட்டுக்காரர்களிடம் நாங்கள் முதலில் கேட்பது மூன்று கேள்வி. அசை போடுதா, தண்ணி குடிக்குதா, சாணி போட்டுதா. பதினெட்டு வருஷமாகக் கேட்டுக் கேட்டு அது வாயில் தானாக வரும். அதையேதான் பூனைக்கும் கேட்டேன்.

"வெளிக்கு எப்ப போனான்?"

"முந்தாநாளு."

"தண்ணி?"

"எப்பவும் கம்மிதான். ஷமீமா அனுப்புற அந்தப் பாக்கெட் தீனி மட்டும்தான் தின்றான்."

கூடைக்குள் கையை விட்டேன். பஞ்சு கடிக்கவில்லை. கொர்கொர் என்று சத்தம் வந்தது. எனக்குத் திருப்தியாகிவிட்டது.

"கேக்குதா பாய்? நல்லாத்தான் இருக்கான். வறண்ட தீனி, வெயிலு, மலம் இறுகிப்போச்சு. வெளக்கெண்ண ஒரு ஸ்பூன் குடுங்க, சரியாயிடும்."

பாய் கூடையை எடுத்தார். வாசல்வரை போய்த் திரும்பினார். "அடியில நக்கிக்கினே இருக்கான்மா."

"பூனை நக்காம வேற இன்னா செய்யும்?"

"எதுக்கும் டாக்டருக்கு ஒரு போன் போட்டுப் பாக்கலாமா?"

"இதுக்கா? அவரு எருமை வயித்துல கைய வுட்டுக்கினு நிப்பாரு பாய்."

அவர் சிரித்துவிட்டார். நானும் சிரித்தேன். ரெஜிஸ்டரில், 'கடுவன் பூனை, மலச்சிக்கல், விளக்கெண்ணெய்' என்று எழுதிவிட்டு அடுத்த ஆட்டைப் பார்க்கப் போனேன்.

சாயங்காலம் பஸ்ஸில் நின்றுகொண்டிருக்கும்போது பாய் போன் செய்தார். கூட்டத்தில் பாதிதான் கேட்டது.

"எண்ண குடுத்ததும் காணாமப் போயிட்டான். தேடினா பஞ்சு மூட்டைக்குப் பின்னால போய் குந்தியிருக்கான். கூப்டா வரல. ஷமீமா லைன்லயே இருக்கா, அழுவுறா."

"எண்ண குடுத்த கோவம் பாய். வுடுங்க, காலையில தானா வந்துடுவான்."

கட் செய்துவிட்டேன். வீட்டுக்குப் போனால் கால் நிற்கவில்லை. பெருக்கின இடத்தையே மறுபடி பெருக்கினேன். கழுவின பாத்திரத்தை எடுத்து மறுபடி கழுவினேன். மருமகள், "இன்னா அத்தை, யாராவது வராங்களா?" என்று கேட்டாள். எதற்கு இப்படி அலைகிறேன் என்று எனக்கே தெரியவில்லை. போனை எடுத்து டாக்டர் நம்பர் வரை போனேன். எருமைக் கேஸ் முடிந்து களைத்து வந்திருப்பார், ஒரு பூனைக்காகவா என்று வைத்துவிட்டேன். களைப்பு ஒரு சாக்கு. எனக்கே தெரியவில்லை என்று அவரிடம் சொல்ல எனக்கு மனசு வரவில்லை, அதுதான் நிஜம்.

4. நாலாவது கேள்வி

மறுநாள் காலை டாக்டர் காபியைக் குடித்துக்கொண்டே ரெஜிஸ்டரைப் புரட்டினார்.

"கடுவனா?"

"ஆமா சார். மெத்தைக் கடை பாயோடது."

"மூத்திரம் போச்சா?"

நான் எழுதியதை எட்டிப் பார்த்தேன்.

"மல்லிகா, ஒண்ணுக்குப் போச்சான்னு கேட்டியா?"

"கேக்கல சார்."

"அவரு இன்னா சொன்னாரு? அவரு வார்த்தையிலயே சொல்லு."

"மண்ணு டப்பால போய்ப் போய் குந்துறான், முக்குறான், ஒண்ணும் வரல..."

சொல்லும்போதே எனக்குக் கேட்டுவிட்டது. ஒண்ணும் வரல. பாய் நேற்றே சொல்லியிருக்கிறார். அடியில் நக்குகிறான் என்றும் சொல்லியிருக்கிறார். மாடு முக்கினால் சாணியைப் பார்ப்போம், இல்லை கன்றைப் பார்ப்போம். மூத்திரம் அது பாட்டுக்குப் போகும், யாரும் கேட்பதில்லை. அந்தப் பழக்கத்தில் நான் அந்தக் கேள்வியைத் தாண்டிப் போய்விட்டேன்.

டாக்டர் டம்ளரைக் கீழே வைத்தார். "ஆட்டுக் கெடாவுக்கு மூத்திரத்துல கல்லு அடைச்சா எப்பிடி நிக்கும்னு எத்தினி தரம் பாத்திருக்க? ஓடு."

ஓடினேன். நாலு கடைதான். அன்றைக்கு அது போய்க்கொண்டே இருந்தது. பாய் கடை ஷட்டர் பாதி திறந்திருந்தது. அவர் கண்ணைப் பார்த்ததும் தூங்கவில்லை என்று தெரிந்தது. "வரவே இல்லம்மா" என்றார்.

மூட்டைகளை இழுத்துப் போட்டேன். இலவம்பஞ்சு எல்லாம் பறந்தது. சுவருக்கும் கடைசி மூட்டைக்கும் நடுவில் காலை மடக்கி உட்கார்ந்திருந்தான். உடம்பு முடியாத மாடு நம் முன்னாலேயே காதைத் தொங்கவிட்டு நிற்கும். ஆடு கத்தும். பூனை ஒளிந்துகொள்ளும். வலி வந்தால் யார் கண்ணிலும் படக்கூடாது என்பது அதன் புத்தி. அதைத்தான் நான் கோவம் என்று சொன்னேன்.

வயிற்றில் கை வைத்தேன். சாத்துக்குடி அளவுக்குக் கல்லு மாதிரி மூத்திரப் பை. தொட்டதும் கத்தினான். கத்தி முடித்ததும் கொர்கொர் என்றான். தூக்கிக்கொண்டு ரோட்டில் ஓடும்போதும் அந்தச் சத்தம் நிற்கவில்லை. வலி தாங்காதபோதும், பயத்திலும் பூனை இந்தச் சத்தத்தைப் போடும், தன்னைத்தானே தேற்றிக்கொள்ள என்று டாக்டர் பிற்பாடு சொன்னார். அது என் நெஞ்சில் அதிர அதிர எனக்கு அழுகை வந்தது. பாய் கூடவே ஓடி வந்தார்.

மயக்க ஊசி போட்டு, மெல்லிய டியூபை விட்டார் டாக்டர். போகவில்லை. எடுத்துவிட்டு மறுபடி விட்டார். மூன்றாவது தடவை ஏதோ மணல் மாதிரி இடறி, ரத்தம் கலந்த மூத்திரம் டிரேயில் சொட்ட ஆரம்பித்தது.

"இன்னும் அரை நாள் போயிருந்தா..." என்று ஆரம்பித்த டாக்டர் என் முகத்தைப் பார்த்துவிட்டு நிறுத்தினார். பாயைப் பார்த்து, "நேரத்துல கொண்டாந்தீங்க பாய்" என்றார்.

மூன்று நாள் சலைன். இரண்டு நாள் பஞ்சு ஒன்றும் தின்னவில்லை. நான் அரைமணிக்கு ஒருதரம் போய்ப் பார்ப்பேன், டாக்டர் திட்டினால் கால்மணி கழித்துப் போய்ப் பார்ப்பேன். டியூபை எடுத்த மறுநாள், ஸ்டீல் டேபிள் மேலேயே தானாக மூத்திரம் போனான். நான் நின்று அழுதேன். மூத்திரத்தைப் பார்த்து அழுத ஆள் செஞ்சியில் நான் ஒருத்தியாகத்தான் இருப்பேன்.

5. தலையணை

பஞ்சு வீட்டுக்குப் போன மறுநாள் பாய் புதுத் தலையணை ஒன்று கொண்டுவந்து கொடுத்தார். நல்ல இலவம்பஞ்சு, பூப்போட்ட உறை. போனில் ஷமீமா இருந்தாள். "ஆன்ட்டி, நீங்க மட்டும் ஓடி வரலன்னா எங்க பஞ்சு இல்ல" என்றாள். தெரு முழுக்க இதே பேச்சு. மல்லிகாம்மா செருப்புகூடப் போடாமல் ஓடி வந்து காப்பாற்றியதாகப் பாய் எல்லாரிடமும் சொல்லிவைத்திருந்தார்.

டாக்டரிடம் போனேன். "சார், பாய் கிட்ட உண்மைய சொல்லிடணும்."

"சொல்லி இன்னா ஆவப்போவுது? அதான் பொழச்சிடுச்சே. இனிமே கேட்டுக்கோ, அவ்ளோதான். கிளினிக் பேருன்னு ஒண்ணு இருக்குது பாரு."

கெட்ட மனுஷர் இல்லை அவர். என்னைக் காப்பாற்றத்தான் பார்த்தார். நானும் நாலு நாள் பேசாமல் இருந்தேன். தலையணையைப் பேப்பர் சுற்றியபடியே பீரோ மேல் வைத்திருந்தேன். ஐந்தாம் நாள் டீக்கடைக்காரர் தன் ஆட்டைப் பற்றி ஏதோ கேட்டுவிட்டு, "டாக்டர் எதுக்கு, உங்களுக்குத்தான் எல்லாம் தெரியுமே" என்றார். டீயைப் பாதியில் வைத்துவிட்டு எழுந்தேன். வீட்டுக்குப் போய்த் தலையணையை எடுத்துக்கொண்டு நேராகப் பாய் கடைக்கு வந்தேன்.

பாய் மெத்தைக்குத் தையல் போட்டுக்கொண்டிருந்தார்.

"பாய், அன்னிக்கு நான் சொன்னது தப்பு. அது மலச்சிக்கல் இல்ல. ஒண்ணும் வரலன்னு நீங்க சொன்னீங்க, நான் காதுல வாங்கல. ஒளிஞ்சிக்கினான்னு சொன்னீங்க, கோவம்னுட்டேன். போன் போடலாமான்னு நீங்கதான் கேட்டீங்க. நாந்தான் வேணாம்னேன். ஒரு நாள் வீணாப் போனது என்னாலதான்."

நீள ஊசி பாதி மெத்தைக்குள் அப்படியே நின்றது.

"செத்திருந்தா?"

"செத்திருந்தா நாந்தான் காரணம்."

"எம் பொண்ணுக்கு நான் இன்னா பதில் சொல்லியிருப்பேன்?"

தலையணையை நீட்டினேன். அவர் எழுந்து வந்து, என் கையிலிருந்த தலையணையை வாங்கி அலமாரியில் விற்கிற தலையணைகளோடு வைத்தார். மறுபடி உட்கார்ந்து தைக்க ஆரம்பித்தார். நான் வந்துவிட்டேன்.

அதற்குப் பிறகு பாய் எங்கள் கிளினிக் படி ஏறவில்லை. பஞ்சுவைத் திண்டிவனத்துக்குக் கொண்டுபோய்க் காட்டுவதாகக் கேள்விப்பட்டேன். ரோட்டில் எதிரில் வந்தால் ஃபோனை எடுத்துப் பார்ப்பார். டீக்கடையில் நான் இருந்தால் அவர் வரமாட்டார். டாக்டர், "சொன்னேன் இல்ல" என்று ஒரே தடவை சொன்னார். வலித்தது. நாலு கடை தள்ளி இருக்கிற ஒருவர் நம்மை வேண்டாம் என்று முடிவு செய்துவிட்டால் அந்த ரோடு முழுக்க மாறிப்போகிறது. பல நாள் மருந்துக் கடைக்குள் புகுந்து பின்பக்கமாகப் போனேன்.

ரெஜிஸ்டரில் ஸ்கேல் வைத்து நாலாவது கட்டம் ஒன்று போட்டேன், மூத்திரம் என்று. சுவரில் பேப்பர் ஒட்டினேன். பூனை ஒளிந்துகொண்டால் கோவம் என்று விடாதீர்கள். கொர்கொர் சத்தத்தை மட்டும் நம்பாதீர்கள், தின்கிறதா, மலமும் மூத்திரமும் போகிறதா பாருங்கள். கடுவன் அடிக்கடி மண் டப்பாவில் போய் உட்கார்ந்து ஒன்றும் வராவிட்டால் அன்றைக்கே கொண்டுவாருங்கள். டாக்டர் அதைப் படித்துவிட்டு, 'அன்றைக்கே' என்பதன் கீழ் சிவப்புப் பேனாவால் ஒரு கோடு இழுத்தார்.

6. பனமலைக்காரப் பெண்

ஐப்பசி மழை பிடித்திருந்த சமயம். பனமலையிலிருந்து ஒரு பெண் கம்பிக் கூடையில் பூனையோடு வந்தாள். முன்பின் பார்த்ததில்லை. நனைந்திருந்தாள்.

"மெத்தைக் கடை பாய் அனுப்பினாரு" என்றாள்.

நான் துடைத்துக்கொண்டிருந்த துணியைக் கீழே வைத்தேன். "இன்னா சொல்லி அனுப்பினாரு?"

அவள் தயங்கினாள். "கோச்சிக்காதீங்க. மெத்தை வாங்கப் போனேன், பூனைக்கு ஒடம்பு சரியில்ல, திண்டிவனம் போகவான்னு கேட்டேன். 'நாலு கடை தள்ளி கிளினிக்குல இருக்குற அம்மாவுக்கு பூனையப் பத்தி எல்லாம் தெரியாது. எம் பூனையவே ஒரு தரம் சாவடிக்கப் பாத்துச்சு. ஆனா தப்பா சொல்லிட்டா அந்தம்மாவே வந்து தப்புன்னு சொல்லிடும். அங்கியே போ'ன்னாரு."

துணியை மறுபடி எடுத்து டேபிளைத் துடைத்தேன். அவள் என் முகத்தைப் பார்த்துவிட்டு, "சொல்லியிருக்கக் கூடாதோ?" என்றாள். "சொன்னது நல்லதுதான்" என்றேன்.

கூடைக்குள் அந்தப் பூனை தலையை ஒரு பக்கமாகச் சாய்த்து, யாரும் எதையும் நீட்டாமலேயே வெறுங்காற்றை நக்கிக்கொண்டிருந்தது. நக்கும், நிறுத்தும், மறுபடி நக்கும். குனிந்து பார்த்தேன். உட்கார்ந்தே பார்த்தேன். அப்படி ஒன்றை நான் அதுவரை பார்த்ததில்லை.

"ஏம்மா இப்பிடி செய்யுது? இன்னா அது?" என்று கேட்டாள்.

அந்தக் கிளினிக்கில் அத்தனை வருஷத்தில் கேட்ட ஆளுக்குப் பதில் கொடுக்காமல் நான் அனுப்பியதில்லை. வாயில் இரண்டு மூன்று பதில் வந்துகூட நின்றது.

"தெரியலம்மா" என்றேன். "குந்துங்க, டாக்டரக் கூட்டியாரேன்."